அந்தக் காபிக்கு ஏன் அழுகை வந்தது?

வாசகர் கடிதம் (சுருக்கம்): "எனக்கு வயது 43. எம்.எஸ்சி. கணிதம் படித்தேன். கல்யாணத்துக்கு முன்னும் பின்னுமாக இரண்டு வருடம் ஒரு தனியார் பள்ளியில் பாடம் எடுத்தேன். மூத்தவள் வயிற்றில் இருந்தபோது நின்றதுதான், அப்புறம் போகவில்லை. கணவர் ஹார்டுவேர் கடை வைத்திருக்கிறார். குடிக்க மாட்டார், கை நீட்ட மாட்டார், நல்லவர். மகள் பிளஸ் டூ, மகன் ஒன்பதாவது. மாமியாருக்கு 74 வயது, சர்க்கரை இருக்கிறது. ஜனவரியில் கல்லூரித் தோழிகள் நான்கு பேர் முதல் முறையாகக் குடும்பம் இல்லாமல் இரண்டு நாள் ஏற்காடு போனோம். காலையில் விடுதிப் பையன் அறைக்கே காபி கொண்டுவந்து கொடுத்தான். நான் அழுதுவிட்டேன். மற்ற மூன்று பேரும் ஏன் என்று கேட்கவே இல்லை. திரும்பி வந்ததிலிருந்து அடுப்படிக்குள் கால் வைக்கப் பிடிக்கவில்லை. தோழிகளில் ஒருத்தி, எல்லோரும் கோயம்புத்தூரில் ஒரு வீடு எடுத்துச் சேர்ந்து இருக்கலாம், டியூஷனோ மெஸ்ஸோ நடத்தலாம் என்று தினமும் சொல்கிறாள். விளையாட்டாக ஆரம்பித்தது, இப்போது வாடகைகூட விசாரித்துவிட்டாள். அப்படியே போய்விட்டால் என்ன என்று எனக்கும் தோன்றுகிறது. நான் நன்றி கெட்டவளா?"

அன்புள்ள சகோதரி,

கடைசியாகக் கேட்டதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். நீங்கள் நன்றி கெட்டவர் இல்லை.

மேலே இருப்பது சுருக்கம்தான். நீங்கள் அனுப்பியது மளிகைக் கணக்கு நோட்டிலிருந்து கிழித்த ஒன்பது பக்கம். ஒரு தாளின் பின்னால் "து.பருப்பு 2, உளுந்து 1, சீரகம் 100" என்று இருக்கிறது. ஆறாம் பக்கத்தில் நீல மையில் "எனக்கு உண்மையில் வேண்டியது என்னவென்றால்" என்று எழுதி அப்படியே நிறுத்தியிருக்கிறீர்கள். அடுத்த வரி கறுப்பு மையில், "அத்தைக்கு மாத்திரை நேரம், வந்து எழுதுகிறேன்." வந்து எழுதியது மகளின் பரீட்சையைப் பற்றி. விட்ட இடத்துக்கு நீங்கள் திரும்பவே இல்லை.

"குடிக்க மாட்டார், அடிக்க மாட்டார், ஆனாலும்..." என்று தொடங்கும் பேச்சை இருபது வருடமாக ஆலோசனை அறையில் கேட்டுக்கொண்டிருக்கிறேன். மனக்குறையைச் சொல்ல வருகிற பெண்கள் முதலில் கணவருக்கு ஒரு நற்சான்றிதழ் கொடுத்துவிட்டு, அப்புறம்தான் தன்னைப் பற்றிப் பேசத் தனக்கு அனுமதி உண்டு என்பதுபோலத் தயங்கித் தயங்கி ஆரம்பிக்கிறார்கள். குடிக்காமல் இருப்பதும் அடிக்காமல் இருப்பதும் கூட வாழ்கிற மனுஷிக்குச் செய்யும் தயவு இல்லை, அது இருந்தால்தான் குடும்பம் என்றே பெயர். உங்கள் கணவர் நல்லவர் என்பது உண்மை. உங்களுக்கு இந்த வாழ்க்கை போதவில்லை என்பதும் உண்மை. இரண்டில் ஒன்று பொய்யாக இருந்தாக வேண்டும் என்று ஏன் நினைக்கிறீர்கள்?

சரி, ஏற்காட்டுக்கு வருவோம். கிளம்புவதற்கு முந்தைய நாள் என்னென்ன செய்தீர்கள் என்று போகிற போக்கில் எழுதியிருக்கிறீர்கள். மூன்று நாளைக்கு மாவு அரைத்தது, புளிக்குழம்பு வைத்து ஃப்ரிட்ஜில் எடுத்து வைத்தது, மாமியாரின் மாத்திரைகளைக் காலை, மதியம், இரவு என்று தனித்தனி டப்பாவில் போட்டு மேலே காகிதம் ஒட்டியது, மகனின் சீருடைக்கு இஸ்திரி போட்டு மாட்டியது. இவ்வளவும் செய்துவிட்டுப் பேருந்தில் உட்கார்ந்தால், கொண்டை ஊசி வளைவுகள் முடிவதற்குள் பதினோரு முறை போன். ரவை எந்த டப்பாவில், காஸ் புத்தகம் எங்கே, பால்காரருக்கு எவ்வளவு பாக்கி. ஊரை விட்டு வந்தது உங்கள் உடம்பு மட்டும்தான். நீங்கள் அடுப்படி மேடையருகில்தான் நின்றுகொண்டிருந்தீர்கள்.

மறுநாள் காலையில் அந்தக் காபி வந்தது. யாரும் கேட்காமல் வந்தது. பால் இருக்கிறதா, டிகாக்ஷன் இறங்கிவிட்டதா, யாருக்குச் சர்க்கரை போடக் கூடாது என்று உங்கள் தலையில் எதுவுமே ஓடாமல், சூடாக ஒரு டம்ளர் உங்கள் கைக்கு வந்து சேர்ந்தது. பத்தொன்பது வருடத்தில் முதல் முறையாக உங்களுக்காக வேறொருவர் நினைவு வைத்துக்கொண்டு ஒன்றைச் செய்திருக்கிறார், அவரும் கூலிக்கு வேலை பார்க்கும் முன்பின் தெரியாத ஒரு பையன். அழுகை வராமல் என்ன செய்யும்? உங்கள் தோழிகள் ஏன் என்று கேட்காததற்கும் அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், எதிலிருந்து தப்பிக்க நினைக்கிறீர்கள் என்பது தெரியாமல் எங்கே போவது என்று முடிவு செய்ய முடியாது. ஒன்பது பக்கத்தில் ஒரு இடத்தில்கூடக் கணவரைப் பிடிக்கவில்லை என்று நீங்கள் எழுதவில்லை. சமைக்கப் பிடிக்காது என்றும் எழுதவில்லை, ஏழாம் பக்கத்தில் கொள்ளு ரசத்தைப் பற்றி அரைப் பக்கம் ஆசையாக எழுதியிருக்கிறீர்கள். உங்களை அழுத்துவது வேறு. வீட்டில் எது தீர்ந்தது, எது கெட்டுப்போகும், யாருக்கு என்ன தேவை, எந்தத் தேதியில் எது கட்ட வேண்டும் என்கிற மொத்தக் கணக்கும் ஒரே ஒரு தலைக்குள் இருக்கிறது, அந்தத் தலைக்கு ஞாயிற்றுக்கிழமை கிடையாது. கடையைக்கூட ராத்திரி பூட்டுகிறார்கள்.

கை வேலை நம் வீடுகளில் குறைந்துதான் இருக்கிறது. ஆட்டுக்கல்லில் மாவாட்டிய காலம் போய், 1950களில் கோயம்புத்தூரில் மின்சார கிரைண்டர் வந்தது. 2011 இல் தமிழ்நாடு அரசே மிக்சி, கிரைண்டர், மின்விசிறி என்று விலையில்லாமல் கொடுக்கத் தொடங்கியது. இன்றைக்கு மாவே பாக்கெட்டில் வருகிறது. இதெல்லாம் நல்லதுதான், நம் அம்மாக்களின் தோள்பட்டைக்குத் தெரியும் அதன் அருமை. ஆனால் உளுந்து எத்தனை மணிக்கு ஊறப்போட வேண்டும் என்பதை எந்த இயந்திரமும் நினைவு வைத்துக்கொள்வதில்லை. "இப்பத்தான் எல்லாத்துக்கும் மிஷின் வந்துடுச்சே, உனக்கு என்ன வேலை" என்று உங்கள் நாத்தனார் கேட்டதாக எழுதியிருக்கிறீர்களே, அவருக்கான பதில் இது.

இது உங்கள் வீட்டுப் பிரச்சினை மட்டும் என்றும் நினைக்க வேண்டாம். ஒருவர் ஒரு நாளை எப்படிச் செலவழிக்கிறார் என்று மத்திய அரசு நாடு முழுவதும் கணக்கெடுத்திருக்கிறது. 2019 கணக்கெடுப்பில், சம்பளமில்லாத வீட்டு வேலையில் ஈடுபட்ட பெண்கள் நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடம் செலவழித்தார்கள், ஆண்கள் 97 நிமிடம். அந்த 97 கூட வீட்டு வேலை செய்த ஆண்களின் சராசரிதான், அப்படிச் செய்தவர்களே நூற்றுக்கு 26 பேர். 2024 இல் மறுபடி எடுத்தார்கள். பெண்கள் 289, ஆண்கள் 88. நீங்கள் கணக்கு டீச்சர், கழித்துப் பாருங்கள். ஐந்து வருடத்தில் இடைவெளி 202 நிமிடத்திலிருந்து 201 நிமிடத்துக்கு வந்திருக்கிறது.

"நானும்தான் உதவி செய்றேனே" என்று உங்கள் கணவர் சொல்வதாக எழுதியிருக்கிறீர்கள். அவர் பொய் சொல்லவில்லை, ஞாயிற்றுக்கிழமை காய் நறுக்கிக் கொடுக்கிறார், கறி வாங்கி வருகிறார். ஆனால் அந்த "உதவி" என்கிற சொல்லைக் கொஞ்சம் நின்று பாருங்கள். உதவி என்பது அடுத்தவர் வேலையில் நாம் கை கொடுப்பது. அந்தச் சொல்லைச் சொல்லும்போதே வேலை உங்களுடையது என்று ஆகிவிடுகிறது. 2023 செப்டம்பர் 15 அன்று காஞ்சிபுரத்தில் தொடங்கிய மாதம் ஆயிரம் ரூபாய் திட்டத்துக்கு அரசு வைத்த பெயர் மகளிர் உரிமைத் தொகை, உதவித் தொகை இல்லை. ஆயிரம் ரூபாயில் ஒரு குடும்பத் தலைவியின் உழைப்பு அடங்கிவிடாது, ஆனாலும் அந்தப் பெயர் எனக்கு முக்கியமாகப் படுகிறது. அதே வருடம் ஜூன் மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு தீர்ப்பு வந்தது. கணவர் பல வருடம் சவூதியில் வேலை பார்த்துப் பணம் அனுப்பினார், மனைவி இங்கே வீட்டையும் பிள்ளைகளையும் பார்த்துக்கொண்டார். என் சம்பாத்தியத்தில் வாங்கிய சொத்து, எனக்கே சொந்தம் என்று கணவர் போட்ட வழக்கு. மனைவி வீட்டைப் பார்த்துக்கொண்டதால்தான் கணவரால் அங்கே சம்பாதிக்க முடிந்தது, ஆகவே அந்த உழைப்பும் சொத்தில் சேர்ந்திருக்கிறது, மனைவிக்கும் சம பங்கு உண்டு என்றது நீதிமன்றம். ஒவ்வொரு வழக்கிலும் இதே தீர்ப்பு வந்துவிடும் என்று சொல்ல மாட்டேன். ஆனால் "நீ வீட்டில் சும்மாதானே இருக்கிறாய்" என்பதை நீதிமன்றமே ஏற்கவில்லை என்பதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

இப்போது செய்ய வேண்டியது. உதவி கேட்பதை நிறுத்துங்கள். வேலையை ஒப்படையுங்கள், முழுசாக. "கொஞ்சம் காய் நறுக்குங்க" என்பது ஒப்படைப்பு இல்லை. அத்தையின் சர்க்கரை இனி கணவருடைய பொறுப்பு என்றால், மாத்திரை தீருவதற்கு முன் வாங்குவது, மூன்று மாதத்துக்கு ஒருமுறை ரத்தப் பரிசோதனைக்கு அழைத்துப் போவது, டாக்டர் சொன்னதை நினைவில் வைப்பது, ராத்திரி மாத்திரை போட்டாயா என்று கேட்பது எல்லாமே அவர். அது அவருடைய அம்மாவும்கூட. வாரத்தில் இரண்டு ராத்திரிச் சாப்பாடு மகளும் மகனும் என்றால், என்ன செய்வது என்று யோசிப்பதில் ஆரம்பித்து மேடையைத் துடைப்பதுவரை அவர்களே. அன்றைக்கு வெறும் தயிர்சாதமும் ஊறுகாயும்தான் என்றால் அதைச் சாப்பிடுங்கள், நன்றாக இருக்கிறது என்று சொல்லுங்கள்.

இதில் கஷ்டமான பாகம் உங்களுடையது. என்னிடம் வந்த ஒரு தம்பதி இப்படி ஆரம்பித்தார்கள், அடையாளம் வேண்டாம். கணவர் இரவுச் சமையலை எடுத்துக்கொண்டார். மூன்றாம் நாள் ரசத்தில் உப்பு கூடிவிட்டது. அந்த அம்மா ஒன்றும் சொல்லவில்லை, எழுந்து போய்க் கொஞ்சம் வெந்நீர் ஊற்றி, ஒரு கொதி விட்டு, பெருங்காயம் போட்டு இறக்கிவைத்தார். அவ்வளவுதான். அதற்கு மறுநாள் கணவர் அடுப்படிப் பக்கம் வரவில்லை, "அவளுக்கு நான் செய்றது பிடிக்காது" என்றார். மறுபடி ஆரம்பிக்க இரண்டு மாதம் ஆயிற்று. அந்த அம்மாவைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை, சின்ன வயதிலிருந்து அந்த அடுப்படி ஒன்றுதான் அவருடைய ராஜ்ஜியம் என்று சொல்லி வளர்த்திருக்கிறார்கள், அதை விட்டுக்கொடுப்பது லேசில்லை. ஆனால் தலையில் இருப்பதை இறக்கிவைக்க வேண்டுமென்றால் பிடியையும் விட்டுத்தான் ஆக வேண்டும். உப்பு கரிக்கட்டும், மாத்திரை ஒரு நாள் அரை மணி நேரம் தள்ளிப் போகட்டும்.

எப்படிப் பேசுவது என்று கேட்டிருந்தீர்கள். ராத்திரி பத்து மணிக்குக் கடை பூட்டி வந்தவரிடம் வேண்டாம், மனிதர் பசியிலும் களைப்பிலும் இருப்பார். "நீங்க எப்பவுமே" என்று ஆரம்பிக்கும் எந்த வாக்கியமும் வேண்டாம். ஒரு வாரம் அந்த மளிகை நோட்டிலேயே ஒரு பக்கத்தில், காலையில் கண் விழித்ததிலிருந்து நீங்கள் நினைவு வைத்துக்கொண்ட விஷயங்களை எழுதுங்கள், செய்த வேலைகளை இல்லை. அந்தப் பக்கத்தை ஞாயிற்றுக்கிழமை மதியம் சாப்பாட்டுக்குப் பின் அவர் கையில் கொடுங்கள். சண்டைக்காக இல்லை, அவருக்கு இது நிஜமாகவே தெரியாது. கடையில் எந்த ராக்கில் எந்த அளவு ஸ்குரூ இருக்கிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லத் தெரிந்தவருக்கு இந்தப் பட்டியல் புரியும். "உனக்கு என்ன குறை வெச்சேன்" என்று கேட்பார், அநேகமாக எல்லோரும் அதைத்தான் கேட்கிறார்கள். "குறை எதுவும் வைக்கவில்லை, ஆனால் எனக்கு இது போதவில்லை, நான் இன்னும் கொஞ்சம் வேண்டும் என்கிறேன்" என்று சொல்லுங்கள். குரலை உயர்த்தாமல், ஆனால் பின்வாங்காமல்.

மாமியாரைப் பற்றி ஒன்று. "நாங்கள்லாம் செய்யலையா" என்று அவர் சொன்னது உங்களைச் சுட்டிருக்கிறது. செய்தார்தான், விறகடுப்பில் செய்தார். ஒரு நாள் மத்தியானம் பக்கத்தில் உட்கார்ந்து, "அத்தை, நீங்க என்ன ஆகணும்னு நினைச்சீங்க?" என்று கேட்டுப் பாருங்கள். இந்தக் கேள்விக்குச் சட்டென்று கண் கலங்கிப்போன மாமியார்களைப் பார்த்திருக்கிறேன், அதுவரை அவர்களிடம் யாரும் அதைக் கேட்டதில்லை.

பிள்ளைகள் விஷயத்தில் கொஞ்சம் கண்டிப்பாகவே பேசுகிறேன். "உன்ன மாதிரி ஆகிடக் கூடாதுன்னுதான்மா படிக்கிறேன்" என்று மகள் சொன்னதையும், அன்று ராத்திரி நீங்கள் தூங்காததையும் எழுதியிருக்கிறீர்கள். அவள் உங்களை அவமானப்படுத்தவில்லை. நின்றுகொண்டே சாப்பிடும் அம்மாவைத் தினமும் பார்க்கிறாள், கிழிந்த தோசையும் ஆறிய தோசையும் யார் தட்டுக்குப் போகிறது என்று பார்க்கிறாள். (என் அம்மாவும் கடைசிவரை அடுப்படி மேடையில் தட்டை வைத்து நின்றபடிதான் சாப்பிட்டார். அவர் உட்கார்ந்து நாங்கள் பரிமாறிய ஒரு வேளைகூட என் நினைவில் இல்லை, அது இன்னும் எனக்கு வலிக்கிறது.) உட்கார்ந்து, எல்லோருடனும், சூடாகச் சாப்பிடுங்கள். நாளையிலிருந்து. மகன் சாப்பிட்ட தட்டை அப்படியே விட்டுவிட்டு எழுந்து போகிறான் என்று வருத்தமாக எழுதியிருக்கிறீர்களே, அந்தத் தட்டை எடுப்பது யார்? நீங்கள்தான். இன்னும் பதினைந்து வருடத்தில் யாரோ ஒரு பெண் உங்களைப்போல ஒன்பது பக்கம் எழுதாமல் இருக்க வேண்டுமென்றால் அந்தத் தட்டு இன்று ராத்திரி மேஜையிலேயே கிடக்கட்டும், அவன் வந்து எடுக்கும்வரை.

இனி தோழிகள். இதில் எனக்குக் கவலை அதிகம்.

நான்கு பேரும் ஒரே துக்கத்தைப் பேசுவதுபோல உங்களுக்குத் தோன்றுகிறது. ஏற்காட்டில் அப்படித்தான் தோன்றும். ஆனால் நீங்கள் எழுதியதை வைத்துப் பார்த்தால் நான்கும் வேறு வேறு. கணவர் துபாயில் இருக்கும் தோழிக்குத் தனிமை. வங்கியில் வேலை பார்க்கும் தோழியின் ஏ.டி.எம். கார்டு கணவரிடம் இருக்கிறது, பஸ்ஸுக்கும் டீக்கும் அவரிடம் கேட்டு வாங்கிப் போகிறார் என்கிறீர்கள். அது குடும்பப் பழக்கம் இல்லை. 2005 ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் இதைப் பொருளாதார வன்முறை என்று தெளிவாகச் சொல்கிறது. அவர் வங்கியிலேயே இருக்கிறார், சம்பளக் கணக்கை மாற்றுவது எப்படி என்று அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை, கூட ஒருவர் இருக்கிறார் என்கிற தைரியம்தான் வேண்டும். வேலைக்குப் போய்விட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைக்கும் உங்களுக்கும் அவர் ஒரு பாடம்: நாலரை மணிக்கு எழுந்து இரண்டு வேளைக்குச் சமைத்துவிட்டுத்தான் அவரும் வங்கிக்கு ஓடுகிறார்.

அப்புறம், கோயம்புத்தூரில் வீடு பார்க்கும் தோழி. எட்டாம் பக்கத்தில் ஒரே ஒரு வரி: "அவள் வீட்டுக்காரர் எப்போதாவது கை நீட்டுவார், அவள் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை." சகோதரி, அந்த வரியைத் தயவுசெய்து மறுபடி படியுங்கள். பெரிதாக எடுத்துக்கொள்ளாதவர் ஏன் வாடகை விசாரிக்கிறார்? தனியாகப் போக முடியாதவர்கள் எல்லோரும் சேர்ந்து போகலாம் என்றுதான் சொல்வார்கள். சிரித்துக்கொண்டே சொல்வார்கள். எனக்கு இது ஆசையாகத் தெரியவில்லை, அவர் உங்களிடம் ஆபத்தைச் சொல்கிறார். அவரைத் தனியாக, போனில் இல்லை, நேரில் பாருங்கள். "உன்னை அடிக்கிறாரா, எவ்வளவு நாளாக" என்று நேராகக் கேளுங்கள். அவர் தெரிந்துகொள்ள வேண்டியவை இவை. அந்த வீடு யார் பெயரில் இருந்தாலும் அங்கே வசிக்க அவருக்கு அதே 2005 சட்டத்தில் உரிமை உண்டு, விருப்பப்படி வெளியே தள்ள முடியாது. பெண்களுக்கான உதவி எண் 181 இல் எந்த நேரமும் பேசலாம். மாவட்டத்தில் பாதுகாப்பு அலுவலர் இருக்கிறார், அவர் மூலம் புகார் பதிவு செய்யலாம். வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்கு வக்கீல் செலவில்லாமல் சட்ட உதவி கிடைக்கும், மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, 15100 இல் அழைத்தாலும் சொல்வார்கள். கிளம்பத்தான் வேண்டும் என்றால் ஆதார், படிப்புச் சான்றிதழ்கள், பாஸ்புக், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், நகைகளின் போட்டோ இவ்வளவும் முன்னாலேயே ஒரு நம்பிக்கையான வீட்டில் இருக்க வேண்டும். அது உங்கள் வீடாக இருக்கலாம். 'தோழி' என்ற பெயரில் அரசு நடத்தும் விடுதிகள் வேலைக்குப் போகும் பெண்களுக்காகவே இருக்கின்றன, கோயம்புத்தூர் வாடகையையும் முன்பணத்தையும்விட அது அவருக்கு முதலில் உதவும்.

அவர் போக வேண்டியிருக்கலாம். அவர் போவதால் நீங்களும் போக வேண்டும் என்றில்லை, நீங்கள் போகாததால் அவரும் பொறுத்துப்போக வேண்டும் என்றும் இல்லை. இந்த முடிவை நான்கு பேர் சேர்ந்து எடுக்காதீர்கள். சேர்ந்து நில்லுங்கள், முடிவை மட்டும் அவரவர் வீட்டைப் பார்த்து அவரவர் எடுங்கள்.

உங்கள் வீட்டைப் பொறுத்தவரை, பிரிவது முதல் படி இல்லை என்று நினைக்கிறேன். எப்படியாவது சேர்ந்தே இருக்க வேண்டும் என்று நினைக்கிறவள் இல்லை நான், பிரிந்து நிம்மதியாக வாழ்கிறவர்களையும் நன்றாக அறிவேன். ஆனால் உங்கள் கணவரிடம் நீங்கள் இன்னும் கேட்கவே இல்லை. கேட்காமலே மனதுக்குள் நூறு முறை அவரை விட்டுப் போயிருக்கிறீர்கள். ஆறு மாதம் நான் சொன்னபடி செய்து பாருங்கள். அதற்கு அப்புறமும் ஒரு துரும்பு நகரவில்லை, உங்கள் பேச்சுக்கு மதிப்பே இல்லை என்றால் மறுபடி எழுதுங்கள், அப்போது என் பதில் வேறாக இருக்கும்.

கணக்கு சொல்லிக் கொடுக்க ஆரம்பியுங்கள். பிளஸ் டூ கணக்குக்கு ஆள் தேடாத தெரு நம் ஊர்களில் இல்லை. நாலு பிள்ளைகள் போதும், சாயங்காலம் ஐந்திலிருந்து ஏழு. இரண்டே நிபந்தனை. அந்த இரண்டு மணி நேரம் கதவு சாத்தியிருக்கும், ரவை எங்கே என்று யாரும் தட்டக் கூடாது. வரும் பணம் உங்கள் பெயரில் மட்டும் இருக்கும் கணக்கில் சேர வேண்டும், முதல் மாதத்துப் பணத்தில் வீட்டுக்கு எதுவும் வாங்கக் கூடாது. பள்ளிக்கே திரும்ப வேண்டும் என்றால் பி.எட். இப்போது இரண்டு வருடப் படிப்பு. மகள் கல்லூரி முதல் வருடம் போகும்போது நீங்களும் போகலாம். வேலையைப் பங்கு போடுவதற்கு முன் டியூஷனை ஆரம்பித்துவிடாதீர்கள், வங்கித் தோழியின் கதைதான் உங்களுக்கும் ஆகும்.

உடம்பையும் பார்த்துவிடுங்கள். படி ஏறினால் மூச்சு வாங்குகிறது, ராத்திரி மூன்று மணிக்கு வியர்த்து விழிப்பு வருகிறது, சின்ன விஷயத்துக்கும் எரிச்சல் என்று எழுதியிருக்கிறீர்கள். நம் நாட்டில் 15 முதல் 49 வயதுப் பெண்களில் நூற்றுக்கு 57 பேருக்கு ரத்தசோகை என்று 2019-21 தேசியக் குடும்பநல ஆய்வு சொல்கிறது. உங்கள் வயதில் தைராய்டும் சகஜம், மாதவிடாய் நிற்பதற்கு முந்தைய மாற்றங்களும் தொடங்கியிருக்கலாம். ரத்தப் பரிசோதனை செய்யுங்கள், மருந்து தேவைப்பட்டால் சாப்பிடுங்கள். அதற்காக "எல்லாம் ஹார்மோன், மாத்திரை போட்டால் சரியாகிவிடும்" என்று உங்கள் மனக்குறையை யாராவது ஒதுக்கித் தள்ளினால் ஒப்புக்கொள்ளாதீர்கள். ரத்தசோகையும் உண்மை, மனக்குறையும் உண்மை.

கடைசிப் பக்கத்தில், "சில நாள் ஏதாவது ஒரு டவுன் பஸ்ஸில் ஏறிக் கடைசி நிறுத்தம்வரை போய்விடலாம் போலிருக்கிறது" என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த எண்ணம் என்றாவது உயிரோடு இருக்கவே வேண்டாம் என்கிற பக்கம் திரும்பினால், அந்த நிமிடமே அரசின் மனநல உதவி எண் 14416 க்குப் பேசுங்கள், தமிழிலேயே பேசலாம், பணம் கிடையாது, ராத்திரியிலும் எடுப்பார்கள். அப்படி இல்லை, வெறும் பஸ்தான் என்றால், ஏறுங்கள். 2021 மே மாதத்திலிருந்து சாதாரண டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் காசு கிடையாது. புதன்கிழமை பதினொரு மணிக்கு, எல்லோரும் போனபிறகு, போனை அணைத்துப் பையில் போட்டுவிட்டு ஜன்னல் சீட்டாகப் பார்த்து உட்காருங்கள். கடைசி நிறுத்தத்தில் இறங்கி அங்கே இருக்கும் கடையில் ஒரு காபி சொல்லுங்கள். குடித்து முடித்து அடுத்த பஸ்ஸில் திரும்பி வாருங்கள். எங்கே போனாய் என்று கேட்டால், பஸ்ஸில் போய்விட்டு வந்தேன் என்று சொல்லுங்கள், அதற்கு மேல் காரணம் எதுவும் வேண்டாம்.

போகும்போது அந்த நோட்டையும் நீல மைப் பேனாவையும் எடுத்துப் போங்கள். "எனக்கு உண்மையில் வேண்டியது என்னவென்றால்" என்று நின்ற இடத்திலிருந்து எழுதி எனக்கு அனுப்புங்கள்.